கற்பனை உலகுக்கு ஒரு பஞ்சாங்கம்

விழா மலரிலே ஆண்டுக் கணக்கைப் பற்றி எழுதுவதற்கு நியாயம் தேடவேண்டியதில்லை. யூபிலி என்னும் சொல்லே ஒரு நாட்காட்டியிற் பிறந்தது. ஏழேழு ஆண்டுகள் கழிந்தபின் வரும் ஐம்பதாம் ஆண்டினை ஆட்டுக்கடாவின் கொம்பை ஊதி அறிவித்த எபிரேயரிடமிருந்து அது வந்தது. அறுபதாம் ஆண்டு நிறைவை யாம் மணிவிழாவாகக் கொண்டாடுவதோ வேறொரு கணக்கு. பிரபவ முதல் அட்சய ஈறாகிய அறுபது பெயரும் ஒரு சுற்று நிறைந்து, ஒருவர் பிறந்த ஆண்டின் பெயர் மீண்டும் வருதலின் எழுந்தது. வெள்ளி, பொன், வைரம் என ஆண்டை அளக்கும் வழக்கம் மேனாட்டாரது. இம்மூன்றினையும் ஒரே பந்தரின்கீழ் வைத்துக் கொண்டாடுகின்றோம். ஒருவரும் முரண் காண்பதில்லை.

அண்மைக் காலத்திலே உயர்வகுப்பு மாணாக்கர் சிலர் கதை எழுதப் புகுந்து, எங்குமில்லாத நாடொன்றை அமைத்து, அதற்கு மலையும் ஆறும் மன்னரும் வகுத்தபின் மாதமும் கிழமையும் வகுக்கக் காண்கின்றோம். ஒருவரது நாட்டிற்கு இரண்டு சந்திரன். மற்றொருவரது நாட்டிற்குப் பதின்மூன்று மாதம். இதனைக் கண்ட பெரியோர் சிலர், "உள்ள பஞ்சாங்கத்தையே பார்க்கத் தெரியாத பிள்ளைகளுக்கு இல்லாத பஞ்சாங்கம் எதற்கு?" என வினவுகின்றனர். வினா நியாயமானதே. எம் விடை மட்டும் அவர் எதிர்பார்ப்பதற்கு மாறானது. உள்ள பஞ்சாங்கம் இன்னதென்று அறிதற்கு, இல்லாத பஞ்சாங்கம் ஒன்றை ஆக்கிப் பார்ப்பதைப்போல நல்ல வழி வேறில்லை என்பது எம் துணிபு. வானநூலிற் பட்டம் பெற்றேமல்லேம்; தமிழ் கற்பிப்பதே எம் தொழில். ஆயினும் இவ்விடயத்திலே தமிழாசிரியனுக்குச் சொல்லத்தக்கது சில உண்டு.

கொக்குவிலில் இருந்துகொண்டு பஞ்சாங்கம் ஆக்குவதை வியப்பாகப் பேசுதல் பொருந்தாது. இரகுநாதையர் பெயரால் வழங்கும் வாக்கிய பஞ்சாங்கம், இவ்வூர்ச் சோதிடப்பிரகாச யந்திரசாலையின் பெயரைத் தாங்கி வெளிவந்து, யாழ்ப்பாணத்து வீடுகளிலே வளையில் தொங்கியது. கடல் கடந்து போனோர் பெட்டியிலும் அது போயிற்று. ஆயின் அது எவ்வாறு ஆக்கப்படுகின்றது என்று இவ்வூர்ப் பிள்ளைகளை வினவினால், ஐயர் வானத்தைப் பார்த்து எழுதுகின்றார் என்பர். வாக்கிய முறையிலே வானத்தைப் பார்க்கவேண்டுவதே இல்லை. மனனம் பண்ணிய சொற்றொடர்களே போதும்.

சந்திரன் பூமிக்கு மிக அண்மையாய் வரும் நிலையிலிருந்து மீளவும் அந்நிலையை அடைய ஏறக்குறைய 27½ நாள் செல்லும். அத்தகைய சுற்று ஒன்பது நிறைய 248 நாள் ஆகும். பின்னம் அநேகமாக மறைந்துவிடும். இதனைக் கண்ட முன்னோர், அந்த 248 நாளுக்கும் சந்திரன் நிற்கும் இடத்தை 248 வாக்கியங்களாக அமைத்தனர். வரருசியின் பெயரால் வழங்குவன இவை. ஒவ்வோரெழுத்துக்கும் ஓரெண் உண்டு. சொல்லை வலமிருந்து இடமாக எண்ணாக்கினால் பாகையும் கலையும் கிடைக்கும். முதல் வாக்கியம் 12 பாகை 3 கலையைத் தருவது. இரண்டாவது 24 பாகை 9 கலையைத் தருவது. சொல்லோ பொருளுடைய சொல். கேட்போர் காதுக்கு அது வாழ்த்துப்போல ஒலிக்கும். செய்யுள் மனனம் வீண் என்று பேசுவோர் இதனைச் சற்று நினைக்க வேண்டும்.

யோன் வாரன் என்னும் ஆங்கிலப் படையதிகாரி 1825 இல் சென்னையிலே வெளியிட்ட காலசங்கலிதம் என்னும் நூலிற் கூறுவது இங்கே குறிப்பிடத்தக்கது. புதுச்சேரியிலே தமிழ்ப் பஞ்சாங்கக் கணிதர் ஒருவர், எழுதுகோலின்றி, தரையிலே சோகிகளைப் பரப்பி, மனத்திலிருந்த வாய்பாடுகளைக்கொண்டு அவ்வாண்டுச் சந்திரகிரகணம் ஒன்றைக் கணித்துக் காட்டினார். கிரகணம் தொடங்கும் நேரத்திலே அவர் கணக்குப் பிழைத்தது ஏறக்குறைய 4 நிமிடமே; முடியும் நேரத்திலேதான் பிழை ஒரு மணியை அண்மிற்று. கணித வரலாற்றறிஞராகிய ஒட்டோ நியூகெபவர் 1952 இலே இதனை எடுத்தாராய்ந்து, பாபிலோனியரது பழங்கணிதத்தோடு ஒத்த முறையொன்று தமிழ்நாட்டிலே உயிரோடிருந்தமையை வியந்தார். சோகியும் ஒரு கணிதப்பொறியே என்க.

இனி, வாக்கியமும் திருக்கணிதமும் மாறுபடுதலைப் பற்றி ஒரு வார்த்தை. சந்திரன் நடையிலுள்ள சில திரிபுகளை வாக்கியம் கணக்கிற் கொள்ளாது. திருக்கணிதம் இக்கால வானநூல் அளவைகளைக் கொள்ளும். ஆதலின் ஒரு திதி இரண்டிலும் சில நாழிகை வேறுபட்டு முடியும். சித்திரைப் புத்தாண்டு தோறும் பத்திரிகைகள் இரண்டு விஷு புண்ணியகாலமும், இரண்டு கைவிசேட நேரமும், மருத்துநீருக்கு இரண்டு விதியும் அச்சிடுகின்றன. இதனாலே நம்மவர் சண்டையிட்டதுமுண்டு. எந்தப் பஞ்சாங்கம் "உண்மை" என்னும் வினாவே பாதி தவறானது என்பது எம் கருத்து. கிரகணம் எப்பொழுது என்பதற்கு வானம் சாட்சி. அங்கே திருக்கணிதமே வெல்லும், அதில் ஐயமில்லை. கொடியேற்றம் எப்பொழுது என்பதற்கோ அக்கோயிலின் வழக்கம் சாட்சி.

இதன் காரணத்தை உணர்த்துதற்கே கற்பனைப் பஞ்சாங்கம் வேண்டும் என்கின்றோம். பூமி தன்னைச் சுற்றுவது நாள்; சந்திரன் வளர்ந்து தேய்வது மாதம், 29.53 நாள், ஞாயிற்றின் சுற்று ஆண்டு, 365 நாளும் கால் நாளும். இம்மூன்றும் ஒன்றையொன்று மிச்சமின்றி வகுக்கா. பன்னிரண்டு சந்திரமாதம் 354 நாளிலே முடிந்துவிடும். பதினொரு நாள் எஞ்சும். உலகத்து நாட்காட்டிகள் யாவும் இந்த எச்சத்தை எங்கே ஒளித்து வைப்பது என்பதிலேதான் வேறுபடுகின்றன. இசுலாமியர் ஒளிக்காமல் விட்டனர். நோன்பு பருவமெல்லாம் சுற்றி வருகின்றது. எபிரேயர் பத்தொன்பது ஆண்டில் ஏழுமுறை ஒரு மாதத்தைக் கூட்டினர். உரோமர் சந்திரனையே கைவிட்டனர். தமிழரோ மாதத்தை ஞாயிற்றுக்கும் திதியைச் சந்திரனுக்கும் கொடுத்து, இரண்டினையும் ஒரே ஏட்டில் எழுதிக்கொண்டனர். ஆதலால் நம் ஆனி 31 நாளும் 36 நாழிகையும் கொண்டு நீளும். மார்கழி 29 நாளும் 20 நாழிகையுமாய்க் குறுகும். மார்கழியிலும் தையிலும் பூமி ஞாயிற்றுக்கு அண்மையாய் நின்று விரைந்து செல்லுதலே இதன் காரணம். இதனை வெறும் விதியாகக் கேட்ட மாணாக்கன் மறந்துவிடுவான். தன் கற்பனை நாட்டுக்கு இரண்டு சந்திரனைப் படைத்து, இரண்டும் ஒருங்கே நிறையும் நாளைத் தேடிக் களைத்த மாணாக்கன் மறக்கமாட்டான்.

தமிழாசிரியர்க்கு இதிலே தனி உரிமை ஒன்று உண்டு. இல்லாத உலகத்துக்குக் காலம் வகுத்தலை இலக்கணமாகவே எழுதிவைத்த மொழி நம்முடையது. தொல்காப்பியப் பொருளதிகாரத்து அகத்திணையியலிலே, நிலமும் பொழுதும் முதற்பொருள் எனப்படுகின்றன. முல்லைக்குக் கார்காலமும் மாலையும்; குறிஞ்சிக்குக் கூதிரும் யாமமும், அதனோடு முன்பனியும்; மருதத்திற்கு வைகறையும் விடியலும்; நெய்தலுக்கு எற்பாடு; பாலைக்கு வேனிலும் நண்பகலும், அதனோடு பின்பனியும். இந்த உலகத்திலே தலைவனுக்குப் பெயரில்லை; ஆண்டுக்கு எண்ணில்லை; ஒருவருக்கும் வயது ஏறுவதில்லை. ஆயினும் பொழுது பிழைத்தால் பாட்டே பிழைத்துப்போம். எற்பாடு ஞாயிறு படும் பொழுதோ எழும் பொழுதோ என்பது பற்றி அறிஞர்கள் நெடிது வாதிட்டனர். வாக்கியம், திருக்கணிதம் என்னும் கட்சிகள் அங்கும் இருந்தன என்று வகுப்பிலே சொல்லி நகைப்பது எம் வழக்கம்.

அகப்பாட்டின் காலக்கணக்கு வெறும் அலங்காரமன்று என்பதற்குப் பருவமறுத்தல் என்னும் துறையொன்றே சான்று. கார் தொடங்குமுன் மீள்வேன் என்று சொல்லித் தலைவன் பிரிந்தான். மழை பெய்தது, கொன்றை பூத்தது, அவன் வந்திலன். தலைவி கலங்குகின்றாள். தோழியோ இது காரன்று. காலமல்லாக் காலத்துப் பெய்த மழையைக் கண்டு அறிவில்லாத கொன்றை ஏமாந்து பூத்தது என்று சாதிக்கின்றாள். பூவின் நாட்காட்டி ஒன்று, தலைவன் சொல்லின் நாட்காட்டி ஒன்று. இரண்டும் முரணும்போது தோழி பூவைப் பொய்யாக்குகின்றாள். கற்பனை உலகிற்கு மாதப் பெயர் பன்னிரண்டு வைத்துவிட்டுப் பின்னர் அவற்றைக் கதையில் எங்கும் பயன்படுத்தாத மாணாக்கருக்கு யாம் காட்டுவது இத்துறையையே. உன் நாட்டார் எந்த நாளுக்காகக் காத்திருக்கின்றார்கள்? அந்நாள் தவறினால் யார் அழுவார்? இதற்கு விடையில்லையேல் அப்பெயர்கள் சுவரிலே தொங்கும் படமே.

சிறுப்பிட்டி சி. வை. தாமோதரம்பிள்ளை 1885 இல் பொருளதிகாரத்தை நச்சினார்க்கினியர் உரையோடு அச்சேற்றிய நாள்தொட்டு யாழ்ப்பாணத்தார் இதனைப் படித்து வருகின்றனர். ஆயினும் ஒரு சங்கடத்தை வாய்விட்டுச் சொல்லியவர் சிலரே. ஆவணியும் புரட்டாதியும் கார்காலம் என்று உரை கூறும். ஆவணியிலே கொக்குவிலிற் கார் எங்கே? அக்காலம் இங்கே கிணற்று நீர் கீழே போய், தோட்டத் தறை வெடித்து, பனம்பழம் விழும் காலம். எமக்கு மழை ஐப்பசியிலும் கார்த்திகையிலும் வாடையோடு வருவது. மேற்குமலைத் தொடருக்கு அப்பாலுள்ள சேரநாட்டு மழையை வைத்து எழுந்த பருவத்தை, சோளகம் வறண்டு வீசும் நிலத்துப் பிள்ளைகள் மனனம் பண்ணுகின்றனர். இது நூலின் குற்றமன்று. எங்கள் நிலத்திற்கு எங்கள் பருவப்பெயர் வகுக்கும் பணியை யாம் செய்யாது விட்டோம் என்பதே குறை. சோளகம், கச்சான், கொண்டல், வாடை என்று காற்றின் பெயரால் ஆண்டைப் பகுத்தவர்கள் வடமராட்சிக் கடற்றொழிலாளரேயன்றிப் புலவரல்லர். ஆடிப்பிறப்பும் கூழும் பற்றிப் பாடிய நவாலியூர்ச் சோமசுந்தரப்புலவர் அவ்வழியிலே ஓரடி வைத்தார்.

மேனாட்டிலும் இவ்வாறே ஒரு மொழியாசிரியர் இத்தொழிலிற் புகுந்தார். ஒக்ஸ்போட்டிலே பழைய ஆங்கிலம் கற்பித்த ரொல்கீன், 1955 இல் முடிவுற்ற தம் பெருங்கதையின் பின்னிணைப்பிலே, தாம் படைத்த குறுமனிதர் நாட்டுக்கு நாட்காட்டி ஒன்று எழுதினார். பன்னிரண்டு மாதமும் முப்பது முப்பது நாள். எஞ்சிய ஐந்து நாளும் மாதத்துள் அடங்காத விழாநாள். அவற்றுள் ஆண்டின் நடுநாளுக்குக் கிழமைப் பெயரே இல்லை. ஆதலின் ஆண்டுதோறும் ஒரே திகதி ஒரே கிழமையில் வரும். அக்கதை உலகத்தார் இதனை மகிழ்ந்து ஏற்றனர். அதே காலத்திலே ஐக்கிய நாடுகள் சபையின் முன் வந்த உலக நாட்காட்டித் திட்டத்திலும் இத்தகைய கிழமையில்லா நாள் இருந்தது. யூதரும் கிறித்தவரும் முசிலிம்களும் ஏழுநாட் சங்கிலி அறுந்துவிடும் என்று மறுத்தனர். 1956 இல் திட்டம் ஒதுக்கிவைக்கப்பட்டது. கதையிலே நிறைவேறியது சபையிலே நிறைவேறவில்லை. கதைமாந்தருக்கு ஓய்வுநாள் வழிபாடு இல்லாமையே வேறுபாடு.

நம் புராணங்களின் தேவர் கணக்கினையும் இவ்விடத்தில் மறத்தலாகாது. மானிடரின் ஓராண்டு தேவர்க்கு ஒருநாள். உத்தராயணம் பகல், தட்சிணாயனம் இரவு. அக்கணக்கில் மார்கழி அவர்களுடைய வைகறை. அத்தகைய 360 நாள் தேவவருடம். கலியுகம் 1200 தேவவருடம், நம் கணக்கில் 432,000 ஆண்டு. இதனை ஒருவர் நம்பினாலும் நம்பாவிடினும், மார்கழி விடியலிலே யாழ்ப்பாணத்துக் கோயில்களிலே திருவெம்பாவை ஓதப்படுகின்றது. ஓர் உலகத்தின் காலம் மற்றோருலகத்தாரைக் குளிரில் எழுப்பித் துயிலுரிகின்றது. இதனிற் சிறந்த நாட்காட்டிக் கற்பனை வேறு எந்நாட்டாரிடம் உண்டோ, யாம் கண்டிலேம்.

அரசர் ஆணையால் நாட்காட்டி ஆக்கினோர் கதை பெரும்பாலும் தோல்வியிலே முடிந்தது. பிரான்சுப் புரட்சியாளர் 1793 இல் மாதம் முப்பது நாள், கிழமை பத்து நாள் என்று சட்டம் செய்து, மாதங்களுக்குப் பனி, மழை, காற்று, முளை, பூ என்று அழகிய பெயர் சூட்டினர். பெயர் பாரிசு நகரத்துத் தட்பவெப்பத்துக்குப் பொருந்தும். கார் கொக்குவிலுக்குப் பொருந்துமளவே வேற்று நாட்டுக்குப் பொருந்தும். அதனினும் பெரிய பிழை, ஏழு நாளுக்கொருமுறை ஓய்ந்த உழைப்பாளியைப் பத்து நாளுக்கொருமுறை ஓயச் சொன்னது. 1806 இன் முதல் நாளோடு அது ஒழிந்தது. சோவியத்து நாடு 1929 இலே ஐந்துநாட் கிழமை வகுத்து, தொழிலாளரை ஐந்து கூட்டமாக்கி ஒவ்வொரு கூட்டத்துக்கும் ஒவ்வொரு ஓய்வுநாள் கொடுத்தது. கணவனுக்கு ஓய்வு ஒருநாள், மனைவிக்கு வேறொருநாள். 1940 இல் பழைய ஏழுநாட் கிழமை திரும்பியது.

பிரான்சுக்குப் போவானேன்? நம் தீவிலேயே இது நடந்தது. 1966 சனவரி முதல் ஞாயிற்றுக்கிழமை வேலைநாளாயிற்று. சனி ஞாயிறுக்கு ஈடாகப் போயாவுக்கு முந்திய நாளும் போயா நாளும் ஓய்வுநாளாக வந்தன. அமாவாசை, பூரணை, இரண்டு அட்டமி என மாதத்துக்கு நான்கு போயா. சந்திரமாதத்தின் காற்பகுதி 7.38 நாள் ஆதலின், போயா சிலபோது 7 நாளிலும் சிலபோது 8 நாளிலும் வரும். பாடசாலை நேரசூசி கிழமைப் பெயரைவிட்டு விலகிற்று. வெளிநாட்டோடு வாணிகம் செய்வோர், அவர் ஓயும்போது தாம் உழைத்தும், அவர் உழைக்கும்போது தாம் ஓய்ந்தும் இடர்ப்பட்டனர். கிறித்தவர் ஞாயிறு வழிபாட்டை வேலையோடு பொருத்தமாட்டாது வருந்தினர். 1971 இல் ஞாயிறு மீண்டது. பூரணைப் போயா மட்டும் விடுமுறையாய் நிலைத்தது. நிலைத்தது ஏனெனில், அன்று விகாரைக்குப் போவோர் சட்டத்துக்கு முன்பே போய்க்கொண்டிருந்தனர்.

மணிக்கூட்டுக்கும் இக்கதி நேர்ந்தது. 1996 மே மாதத்திலே நாட்டு நேரம் ஒரு மணி முன்தள்ளப்பட்டு, ஒற்றோபரிலே அரைமணி மீட்கப்பட்டு, எஞ்சிய அரைமணி 2006 ஏப்பிரல் வரை நின்றது. வன்னியில் விடுதலைப் புலிகளின் ஆட்சிக்குட்பட்ட பகுதிகள் பழைய நேரத்தையே கைக்கொண்டன. ஓமந்தைச் சாவடியைக் கடந்தவர் ஒரே வெயிலிலே அரைமணி பின்னே போயினர். இக்கால மாணாக்கர் தம் கதையிலே இரு நாடுகளின் எல்லையில் காலம் மாறுவதாக எழுதினால் புதுமை என்று எண்ணுகின்றனர். அவர்தம் தாய்தந்தையர் அதனைப் பேருந்திலே கடந்தவர்கள்.

தமிழ்நாட்டு அரசு 2008 இலே தை முதல் நாளே தமிழ்ப் புத்தாண்டு என்று சட்டமியற்றியது; 2011 இல் அடுத்த அரசு அதனை நீக்கிச் சித்திரையை மீட்டது. இவ்விவாதத்திலே எம் கருத்தை வினவுவோருக்கு இரண்டு சொல்வோம். பிரபவாதி அறுபதும் எண்ணிக்கைக்கு உதவா; விரோதி ஆண்டு என்று மட்டும் எழுதிய ஓலை எந்த விரோதி என்று சொல்லாது, அறுபது ஆண்டுக்கு ஒருமுறை அப்பெயர் மீளுதலின். ஆதலின் தொடரெண் ஒன்று வேண்டும். கிறித்து ஆண்டோடு 31 கூட்டும் திருவள்ளுவர் ஆண்டு அத்தேவையை நிறைவேற்றுகின்றது. அது அண்மையில் ஆக்கப்பட்டது, வள்ளுவர் பிறந்த ஆண்டை அறிந்தவர் யார் என்று எள்ளுவோர் உளர். கிறித்து ஆண்டினை 525 அளவிலே வகுத்த தயனீசியு என்னும் துறவியும் சில ஆண்டு பிழைத்தே கணித்தார். ஏரோது மன்னன் இறந்தது கி. மு. 4 என்பர். உலகம் அப்பிழையின்மேலேயே திகதி எழுதிக்கொண்டிருக்கின்றது. ஆக்கப்பட்டது என்பது ஒரு தொடராண்டுக்கு வசையாகாது. புத்தாண்டு நாளோ வேறு விடயம். தைப்பொங்கலுக்கும் சித்திரைக்கும் அடுப்பு மூட்டுவோர் அரசு வர்த்தமானியைப் பார்த்து மூட்டுவதில்லை. ஒன்று மட்டும் இரு கட்சியாரும் மறவாதிருப்பாராக: நம் ஆண்டு விண்மீனைப் பற்றிச் செல்வது, ஆதலின் தையும் சித்திரையும் ஏறக்குறைய எழுபது ஆண்டுக்கு ஒருநாள் வீதம் பருவத்தைவிட்டு நகர்கின்றன. தை முதல் நாள் உத்தராயணத்தின் உண்மைத் தொடக்கத்தோடு ஒன்றியிருந்த காலம் ஆயிரத்தெழுநூறு ஆண்டின் முன் போயிற்று.

இவ்வளவும் ஆராய்ச்சி. பஞ்சாங்கம் ஒரு வீட்டிலே உண்மையில் எதற்காகத் திறக்கப்படுகின்றது என்பதைச் சொல்லாது விடின் கட்டுரை குறையுடைத்து. கல்யாணத்துக்கு ஒருமுறை, காணிப் பத்திரத்துக்கு ஒருமுறை. ஆண்டுதோறும் திறக்கப்படுவது இறந்தவர் திதிக்கு. கனடாவிலும் இலண்டனிலும் வாழும் பழைய மாணவர் இதனை நன்கறிவர். தந்தையின் திதி எந்நாள் என்று ஊருக்குத் தொலைபேசியிற் கேட்கின்றனர். ஊரிலே நாள் சொல்லுகின்றனர். அந்நாளிலே அங்கே செய்கின்றனர். இதிலொரு நுட்பம் உண்டு. யாழ்ப்பாணத்திலே திங்கட்கிழமை பிற்பகல் 4 மணிக்கு முடியும் திதி, மாரிகாலத்து ரொறன்ரோவிலே அன்று விடியற்காலை 5.30 மணிக்கே முடிந்துவிடும். இங்கே திங்கட் பகலில் நிற்கும் திதி, அங்கே ஞாயிற்றுப் பகலோடு சரி. வானத்தின் கணம் ஒன்று. பகலோ இடத்துக்கு இடம் வேறு. அவ்விடத்துப் பகலுக்குத் திதி பார்ப்பதே முறை என்பது எம் எண்ணம். ஊர்ப் பஞ்சாங்கத்தை ஊர் நேரத்தோடு அங்கே கொண்டுபோவது, கொக்குவில் மாணாக்கன் சேரநாட்டுக் காரை மனனம் செய்வதை ஒக்கும். ஆயினும் ஊரிலே தாய் விரதமிருக்கும் அதே நாளிலே தாமும் இருக்க வேண்டும் என்பாரோடு வாதிடோம். அதுவும் ஒரு கணக்கே.

திதியே தெரியாதாரும் உளர். 1995 ஒற்றோபர் 30 ஆம் நாள் வலிகாமத்தார் ஓரிரவிலே எழுந்து நடந்தனர். 2009 மே வரை வன்னியிலே நிகழ்ந்தது உலகறியும். எந்த நாள், எந்த நாழிகை என்று சொல்ல ஒருவரும் எஞ்சாத வீடுகள் உள. மகன் இறந்தானா இருக்கின்றானா என்றே அறியாத தாய்மாருக்குப் பஞ்சாங்கத்தின் முந்நூற்றுச் சொச்ச நாளும் ஒருபோல வெறுமை. நம் முன்னோர் நாள் தெரியாதார்க்கு அமாவாசையை ஒதுக்கிவைத்தனர். யாழ்ப்பாண வழக்கிலே தந்தைக்கு ஆடியமாவாசை, தாய்க்குச் சித்திராபூரணை. ஆடியமாவாசையன்று கீரிமலைக் கரையிலே நிற்போருட் பலர் தம் தந்தையின் திதியை அறிந்தவரே, சிலர் அறியாதவர். நீரில் இறங்கியபின் இவர் அவர் என்று பிரித்தறிய இயலாது. நாள் தெரியாதவரைத் தனியே நிறுத்தாமல், எல்லாரோடும் ஒருநாளிலே நிற்கச் செய்த அந்தப் பெயரறியாக் கணிதனின் மதிநுட்பத்தை, சந்திரவாக்கியம் 248 ஐயும் ஆக்கியவரது மதிநுட்பத்துக்கு மேலாக யாம் மதிக்கின்றோம்.

கற்பனை நாட்டுக்கு நாட்காட்டி எழுதிக்கொண்டு வரும் மாணாக்கரை யாம் வினவும் வினாக்களுள் இதுவும் ஒன்று: உன் நாட்டிலே இறந்தநாள் அறியப்படாதவனுக்கு எந்நாள்? பெரும்பாலார் எழுதுகோலைக் கீழே வைத்துவிடுகின்றனர். பின்னர் எழுதுவன முன்னையினும் நன்றாயிருக்கின்றன.

பாடத்திட்டத்தில் இதற்கு இடமெங்கே, பரீட்சைக்கு வருமா என்பார்க்கு, வாராது என்பதே விடை. வாரத்தில் ஒரு பாடவேளை போதும். கல்லூரி முற்றத்திலே ஒரு கோலை நட்டு நண்பகல் நிழலை ஒரு தவணை அளத்தல்; ஒரு மாதம் மாலைதோறும் சந்திரன் நிற்கும் இடத்தைக் குறித்தல்; அக்குறிப்பை வாக்கியத்தோடும் திருக்கணிதத்தோடும் ஒப்பிடல்; அதன்பின் தன் உலகத்துக்குத் தான் வகுத்தல். கணித ஆசிரியரும் விஞ்ஞான ஆசிரியரும் எம்மோடு கூடினால் ஆண்டிறுதியிலே அப்பஞ்சாங்கங்களைத் தொகுத்து ஒரு கையெழுத்துப் பிரதியாக நூலகத்தில் வைக்கலாம்.

பழைய மாணவரிடம் ஒரு விண்ணப்பம். ஆண்டு முடிந்த பஞ்சாங்கத்தை எவரும் பேணுவதில்லை. பலகாரம் சுற்றியேனும் தீர்த்துவிடுவர். 1981 இலே யாழ்ப்பாணப் பொதுநூலகம் எரிந்தபோது ஏறக்குறைய 97,000 நூல்கள் போயின. வீடுகளிலிருந்தவை இடப்பெயர்விலே போயின. தப்பியவை பெரும்பாலும் கொண்டோடிய பெட்டிகளின் அடியிலே, சாதகக் குறிப்போடு கிடப்பவை. அத்தகைய பழம் பஞ்சாங்கம் எவரிடமேனும் இருப்பின், எந்த ஆண்டினதாயினும், வாக்கியமாயினும் திருக்கணிதமாயினும், கல்லூரி நூலகத்துக்கு அளிக்குமாறு வேண்டுகின்றோம். ஓரத்திலே பாட்டனார் எழுதிய பிறப்பு, இறப்பு, மழை, நெல்விலை, மாடு கன்றீன்ற நாள் முதலிய குறிப்பிருந்தால் அவற்றை அழிக்கவேண்டா. மாணாக்கர் முதலிற் படிக்கப்போவது அவற்றையே.